குணச்சித்திர நடிகர்களைப் பார்த்த அனுபவம் உண்டா?

கினிகத்தேனைக்காரன்:
நான் பார்த்ததில்லை, எங்கள் தாத்தா பார்த்தது. 1957-இல் வெளிவந்த ‘தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய்’ படத்துக்காக இலங்கையின் கித்துல்கலையில் களனி கங்கைக்குக் குறுக்கே பாலம் கட்டினார்களே, அதை வேடிக்கை பார்க்கத் தோட்டத்திலிருந்து இறங்கிப் போன கூட்டத்தில் அவரும் ஒருவர். அதில் நடித்த ஆங்கில நடிகர் அலெக் கின்னஸைப் பார்த்தீங்களா என்று கேட்டால், “அக்கரையில நின்ன வெள்ளைக்காரங்க அத்தனை பேருக்கும் ஒரே மாதிரி உடுப்பு. இதில பெரிய நடிகர் யாருன்னு எனக்கென்ன தெரியும்?” என்பார். ரயிலோடு பாலத்தைத் தகர்த்த கதையை மட்டும் கையைக் காலை ஆட்டிச் சொல்வார்.

பதுளை வாசகி:
கின்னஸுக்கு இதைவிடப் பெரிய பாராட்டு வேண்டாம்! 1934-இல் நாடக மேடையேறியவர், 1949-இல் ஒரே படத்தில் எட்டு வேடம் கட்டினார், அதில் ஒன்று பெண் வேடம். குவாய் படத்தில் தகரக் கூண்டிலிருந்து தள்ளாடி வருவாரே, அந்த நடை போலியோவிலிருந்து தேறி வந்த தன் மகனிடம் பார்த்தது. அந்தப் படத்துக்குத்தான் ஆஸ்கார். 1979-இல் பிபிசி தொடரில் உளவாளி ஸ்மைலியாக வந்தபோது அதிகம் அசையக்கூட மாட்டார்.

தலவாக்கலை தம்பி:
எங்கள் தோட்டத்து டிவிசனிலும் இப்படி ஒரு நடிகர் இருக்கிறார். பெயர் வேண்டாம். மாசியில் மன்மதன் கதையை ஆடும் காமன் கூத்து என்றால் எமன் வேஷம் அவருக்குத்தான். தப்பு மேளம் ஏற ஏற, சின்னப் பிள்ளைகள் அம்மாவின் முந்தானைக்குள் போய்விடும். அப்புறம் கொழும்புக்குக் கடை வேலைக்குப் போனவர் வானொலி நாடகங்களில் பேசினார். 1982-இல் அரசு தொலைக்காட்சி ரூபவாஹினி வந்த பிறகு டிவி நாடகங்களிலும் தலைகாட்டினார்.

ஒருமுறை ஹட்டன் பஸ்ஸில் அவர் பக்கத்தில் இடம் கிடைத்தது. “எமன் மாமா” என்றுதான் வாயில் வந்தது. சிரித்தார். கூத்தில் தோட்டத்தின் கடைசி லயன் வீடுவரை கேட்கப் பாடிப் பழகிய தொண்டை. ஸ்டூடியோவில் முதல் வசனம் பேசியதுமே ஒலிப்பதிவுக்காரர் ஹெட்ஃபோனைக் கழற்றிவிட்டாராம். “டிவிக்குக் கண்ணை மட்டும் கொண்டுபோனேன், மத்ததை வீட்டுல வச்சிட்டேன் தம்பி” என்றார்.

வருத்தமும் உண்டு. எமன், தக்கன், சிவன் என்று கட்டியவருக்கு டிவியில் கிடைத்ததெல்லாம் கங்காணி, வாட்சர், பெரிய வீட்டுச் சமையல்காரன். மலையகத்து ஆள் என்றால் இவ்வளவுதான் என்று எழுதுகிறவர்களே முடிவு கட்டிவிடுகிறார்கள். ஒரு நாடகத்தில் எங்கள் பேச்சைச் சிரிப்புக்காக இழுத்து இழுத்துப் பேசச் சொன்னார்களாம். பாதியில் வந்துவிட்டார். “வாட்சரா நடிக்கிறதுல என்ன இருக்கு, எங்கப்பா வாட்சர்தான். ஆனா எங்கப்பா அப்படிப் பேசமாட்டாரு.”

கினிகத்தேனைக்காரன்:
இன்னும் எமன் கட்டுகிறாரா?

தலவாக்கலை தம்பி:
முழங்கால் வலி, விட்டுவிட்டார். இப்போது பையன்களுக்குப் பாட்டுச் சொல்லிக்கொடுக்கிறார். சுதி தப்பினால் அடிதான். மாசிக்கு வாங்க, விடிய விடிய நடக்கும். ஸ்வெட்டர் முக்கியம்.