ஒளிரும் வக்கா பள்ளிக்கரணையில் பிழைக்குமா?

கயல், வேளச்சேரி:
வணக்கம். எங்கள் குடியிருப்புப் பிள்ளைகளுக்காக ஒரு தொடர்கதை எழுதுகிறேன். அதில் ஒரு கற்பனைப் பறவை வருகிறது. உருவத்தில் அப்படியே நம்ம வக்காதான், அதாவது இரவில் இரை தேடும் கொக்கு: சிவந்த கண், கருத்த தலை, பொழுது சாய்ந்ததும் "குவாக்" என்று கத்திக்கொண்டு பள்ளிக்கரணைச் சதுப்புக்கு இறங்கும். ஒரே வித்தியாசம், மார்பு மட்டும் நீலமாக ஒளிரும். வெளிச்சத்துக்கு ஜிலேபி மீன் கூடும், இது கொத்தித் தின்னும் என்று எழுதியிருக்கிறேன். பிள்ளைகள் "வெளிச்சம் எங்கேர்ந்து வருது ஆன்ட்டி?" என்று கேட்பார்கள். "மந்திரம்" என்று சொல்ல எனக்கு மனசில்லை. உயிரியல் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

கடலோரத்தான், காசிமேடு:
அக்கா, பாக்டீரியாவை வையுங்கள். ஐஸ் போடாத கடல் மீனை ராத்திரி இருட்டில் பார்த்தால் சில நேரம் நீலமாக மினுங்கும். மீன் மேல் வளரும் பாக்டீரியாதான் அது. 2019 ஆகஸ்டில் திருவான்மியூர் பக்கம் அலை நீலமாக மின்னியதே, அது வேறு. அது நாக்டிலூக்கா என்ற ஒற்றைச் செல் உயிர், தண்ணீர் அசைந்தால்தான் மின்னும். வெளிச்சத்துக்கு மீன் கூடும் என்பதும் சரிதான். விளக்கு போட்டு மீன் பிடிப்பதை 2017ல் மத்திய அரசு தடை செய்ததே அதனால்தான், மொத்தமாக வாரிவிடும்.

ஓய்வு விலங்கியல் ஆசிரியர், தாம்பரம்:
அம்மா, நிஜத்தில் தானாக ஒளிவிடும் பறவை ஒன்றுகூடக் கிடையாது. ஆனால் கொக்கு, நாரை மார்பு ஒளிர்ந்து மீனை இழுக்கும் என்று ஐரோப்பாவில் முன்பு நம்பியிருக்கிறார்கள். கொக்கு இனத்தின் மார்பில் ஒருவகை இறகு உண்டு. அது உதிராமல் நுனி மட்டும் மாவாகப் பொடிந்துகொண்டே இருக்கும். அந்தப் பொடியைப் பூசித்தான் சிறகில் ஒட்டிய மீன் வழவழப்பைச் சுத்தம் செய்யும். ஒளிர்வதாகச் சொன்னது அந்த இடத்தைத்தான். ஆகவே நீங்கள் மார்பைத் தேர்ந்தது மிகப் பொருத்தம்.

ஆனால் பாக்டீரியாவை இறகில் வைக்காதீர்கள். வளர்ந்து முடிந்த இறகு உயிரற்றது, அதில் தீனி கிடைக்காது. இறகுக்கு அடியில் தோல் மடிப்பாக ஒரு பை வையுங்கள். இறகைச் சிலிர்த்தால் ஒளி தெரியும், படியவிட்டால் மறையும். ஹவாய்க் கடலில் சிறிய கணவாய் ஒன்று இப்படித்தான் ஒளிப்பையில் பாக்டீரியாவை வளர்க்கிறது. விடிந்ததும் பெரும்பகுதியை வெளியே தள்ளிவிடும், மிச்சம் பகலில் பெருகி, இருட்டும்போது பை நிறைந்திருக்கும். பாக்டீரியா கூட்டமாகச் சேர்ந்தால்தான் ஒளிரும், தனியாக இருந்தால் ஒளிராது. இதைப் பிள்ளைகளுக்குக் கட்டாயம் சொல்லுங்கள், நன்றாகப் பிடித்துக்கொள்வார்கள்.

இதைவிட எனக்கு முக்கியமாகப் படுவது, அந்தக் கணவாய் ஒளியை இரை பிடிக்க அல்ல, ஒளிந்துகொள்ளப் பயன்படுத்துகிறது என்பது. நிலா வெளிச்சத்தில் கீழிருந்து பார்க்கும் மீனுக்கு அதன் உருவம் கருப்பாகத் தெரியும். வயிற்றுப் பக்கம் நிலவளவு ஒளிவிட்டால் தெரியாது. உங்கள் வக்காவுக்கும் அதையே கொடுத்துப் பாருங்கள். கரையில் அசையாமல் நிற்கும் பறவையைத் தண்ணீருக்குள் இருக்கும் மீன் அண்ணாந்துதானே பார்க்கிறது? அப்படியென்றால் பௌர்ணமியில் ஒளிரும், அமாவாசையில் அணைந்திருக்கும்.

கயல், வேளச்சேரி:
சார், பௌர்ணமியில் ஒளிரும் பறவை! இரை இழுக்கும் காட்சியை எடுத்துவிட்டு இதையே வைக்கிறேன். அப்படியென்றால் பள்ளிக்கரணையில் அதற்கு அமாவாசையே கிடையாதே? பக்கத்து ஓ.எம்.ஆர். சாலைக் கட்டடங்களின் வெளிச்சம் மேகத்தில் பட்டு வானம் விடிய விடிய வெளுத்தே கிடக்கிறது. ஓயாமல் ஒளிர்ந்தால் இளைத்துப்போகாதா? இன்னொன்று, கூட்டில் உட்காரும்போது ஒளிர்ந்தால் ஆந்தை பார்த்துவிடுமே?

ஓய்வு விலங்கியல் ஆசிரியர், தாம்பரம்:
இளைக்கும். பாக்டீரியாவுக்குத் தீனி போடுவது பறவையின் உடம்புதானே. நகர வக்கா கூடுதலாக மீன் தின்றாக வேண்டும், அதனால் குஞ்சுகளைக் குறைவாகவே வளர்க்கும் என்று எழுதலாம். கூட்டுக்கு வழி மழையில் இருக்கிறது. இந்த பாக்டீரியாவுக்கு உப்பு வேண்டும். பள்ளிக்கரணைத் தண்ணீர் ஒக்கியம் மடுவு வழியாக பக்கிங்காம் கால்வாயில் சேர்ந்து கோவளம் முகத்துவாரத்துக்குப் போகிறது. பறவை அங்கே கடல்நீர் கலக்கும் முட்டுக்காட்டுக் கழியில் மேய்ந்து பாக்டீரியாவைப் புதுப்பிக்கட்டும். வடகிழக்குப் பருவமழையில் கழி நீரில் உப்பு குறையும்போது ஒளி மங்கும். நம் பக்கம் வக்கா கூடு கட்டுவதும் மழைக்குப் பிறகுதான். அடைகாக்கிற காலத்தில் இருண்டே இருக்கும்.

கடலோரத்தான், காசிமேடு:
அப்போ குஞ்சுக்கு முதலில் ஒளி வராது. அம்மா கக்கி ஊட்டும் கழி மீனிலிருந்து பாக்டீரியா போய்ச் சேரணும். சிறகு முளைத்து முதல் தடவை முட்டுக்காடு போகிற அத்தியாயத்தை எழுதினால் இங்கேயும் போடுங்கள் அக்கா.