காத்மாண்டுவில் நேபாள விருந்தும் நாட்டுப்புற நடனமும்: குடும்பத்துடன் செல்லத் தகுந்ததா?

பொன்னிக்கரையான் கேட்டது:

அனைவருக்கும் வணக்கம். வரும் ஐப்பசியில் என் பெற்றோர், மனைவி, பள்ளியில் படிக்கும் மகள் ஆகியோருடன் பசுபதிநாதரையும் முக்திநாத்தையும் தரிசிக்கச் செல்லவிருக்கிறோம். காத்மாண்டுவில் இறங்கும் நாளின் மாலையில், பாரம்பரிய நேபாள உணவும் கிராமிய நடனமும் சேர்ந்த நிகழ்ச்சி ஒன்றைத் தனிக்கட்டணத்தில் சேர்த்துக்கொள்ளும்படி பயண ஏற்பாட்டாளர் சொல்கிறார். என் பெற்றோர் சைவ உணவு மட்டுமே உண்பவர்கள். அப்பாவுக்கு முழங்கால் வலி இருப்பதால் தரையில் அமர இயலாது. மகள் பரதநாட்டியம் பயில்கிறாள், ஆகவே அவளுக்கு இதில் மிகுந்த ஆவல். அங்கே ஆடப்படுவது அந்நாட்டு மக்கள் உண்மையாகவே ஆடும் நடனமா, அல்லது பயணிகளுக்காக உருவாக்கிய காட்சியா என்பதையும், உணவு எங்களுக்கு ஒத்துவருமா என்பதையும் அனுபவம் உள்ளவர்கள் விரிவாகச் சொன்னால் நன்றியுடையவனாக இருப்பேன்.

பாக்மதிவாசி எழுதியது:

வேலை நிமித்தமாகக் காத்மாண்டுவில் வசிக்கிறேன். ஊரிலிருந்து வரும் உறவினர்களை இத்தகைய விருந்துகளுக்கு அழைத்துச் செல்வது எங்கள் வீட்டு வழக்கம். தயக்கமின்றிச் செல்லுங்கள் என்பதே என் கருத்து. ஆனால் இடத்தைப் பார்த்துத் தேர்ந்தெடுக்க வேண்டும்.

நிகழ்ச்சி பெரும்பாலும் இரவு ஏழு மணியளவில் தொடங்கும். வாசலில் நெற்றியில் திலகமிட்டு வரவேற்பார்கள். காலணிகளைக் கழற்றிவிட்டு, தாழ்வான மேசைகளுக்கு முன்னால் மெத்தைகளில் அமர வேண்டும். உங்கள் தந்தைக்கு நாற்காலி வேண்டும் என்பதை முன்பதிவின்போதே சொல்லிவிட்டால், சுவரோரமாக ஒரு மேசையை ஒதுக்கித் தருவார்கள். நேரில் போய்க் கேட்டால் கூட்ட நாட்களில் கிடைப்பது கடினம். பழைய கட்டடங்களில் நடக்கும் விருந்துகளுக்குத் தனிச் சிறப்பு உண்டு. காத்மாண்டுவின் டில்லி பஜார் பகுதியில் உள்ள போஜன் கிருஹா என்னும் உணவகம், அரச குடும்பத்துப் புரோகிதர்கள் வாழ்ந்த, ஏறத்தாழ 150 ஆண்டுப் பழமை வாய்ந்த மாளிகையைச் செப்பனிட்டு நடத்தப்படுகிறது. அத்தகைய வீடுகளில் மாடிப்படிகள் செங்குத்தாக இருக்கும் என்பதால், கீழ்த்தளத்தில் இடம் கேட்டு வாங்குவது நல்லது.

இந்த மாலையில் எனக்கு மிகவும் பிடித்த பகுதி உணவுதான். முதலில் சோளப்பொரியும் சிறிய மோமோக்களும் வரும். நீண்ட மூக்குடைய உலோகச் செம்பிலிருந்து, பரிமாறுபவர் கையைத் தலைக்கு மேலே உயர்த்தி, சின்னஞ்சிறு மண் கிண்ணத்தில் ஒரு துளியும் சிந்தாமல் மெல்லிய தாரையாக அயிலா என்னும் அரிசிச் சாராயத்தை ஊற்றுவார். இது காத்மாண்டுப் பள்ளத்தாக்கின் பழங்குடிகளான நேவார் மக்களின் விருந்துகளிலும் பூசைகளிலும் உள்ள வழக்கம். வேண்டாதவர்கள் கைகூப்பி மறுத்துவிடலாம், யாரும் தவறாக நினைக்க மாட்டார்கள்.

பிறகு வெண்கலத் தட்டு வரும். நடுவில் சோறு, சுற்றிலும் கிண்ணங்கள். கறுப்பு உளுந்துப் பருப்புக்கு அவர்கள் கொடுக்கும் தாளிப்பைக் கவனியுங்கள்: முஸ்தாங் பகுதியில் விளையும் ஜிம்பு என்னும் உலர்ந்த இலையை, காய்ந்த நெய்யில் ஒரு சிட்டிகை போடுவார்கள், அது நொடியில் கருகத் தொடங்கும், அந்தக் கணத்திலேயே நெய்யோடு பருப்பில் கொட்டிவிடுவார்கள். கடுகுக்கீரையையும் முள்ளங்கிக்கீரையையும் வாடவிட்டு, கசக்கி, பானையில் அழுத்திப் புளிக்கவைத்து, வெயிலில் உலர்த்திச் செய்யும் குந்த்ருக், மலைக் கிராமங்களில் பச்சைக் காய்கறி கிடைக்காத மாதங்களுக்கான சேமிப்பு. அதன் சாற்றின் புளிப்பு நமக்கு எளிதில் பழகிவிடும். புளித்த மூங்கில் குருத்தும் உருளைக்கிழங்கும் தட்டைப்பயறும் சேர்ந்த ஆலு தாமாவின் வாடை முதல் முறை சிலருக்குப் பிடிப்பதில்லை, ஆனால் சோற்றில் பிசைந்து உண்டால் மிகச் சுவையாக இருக்கும். தக்காளி ஊறுகாயில் திமுர் என்னும் ஒருவகை மிளகு இருக்கும். அது நாக்கை லேசாக மரத்துப்போகச் செய்யும் என்பதைக் குழந்தைக்கு முன்பே சொல்லிவையுங்கள். இறுதியில் வடிகட்டிய தயிரில் சர்க்கரையும் பட்டைத்தூளும் கலந்த சிகர்ணி வரும். சோறு, பருப்பு, காய்கறி ஆகியவற்றை நம் பந்தியைப் போலவே கேட்டுக் கேட்டுப் பரிமாறுவார்கள்.

ஆகவே ஏற்பாட்டாளரிடம் ஒரு கேள்வியை அவசியம் கேளுங்கள்: தட்டில் பரிமாறுகிறார்களா, அல்லது வரிசையில் நின்று எடுத்துக்கொள்ளும் பஃபே முறையா? பஃபே என்றால் பெரும்பாலும் பன்னீர் மசாலாவும் நூடுல்ஸும்தான் முன்னால் நிற்கும். அதற்காக ஒரு மாலையைச் செலவிட வேண்டியதில்லை. கட்டணத்தில் 13 விழுக்காடு மதிப்புக்கூட்டு வரி அடங்குமா என்பதையும் கேட்டுக்கொள்ளுங்கள். இந்திய ரூபாய் ஒன்றுக்கு நேபாள ரூபாய் 1.60 என்ற மதிப்பு 1993 முதல் மாறாமல் இருப்பதால், ஏற்பாட்டாளர் சொல்லும் தொகையை உணவகத்தின் விலையோடு ஒப்பிடுவது எளிது.

மாடவீதி எழுதியது:

யாத்திரைக் குழுவோடு சென்றவன் என்ற முறையில், சைவ உணவைப் பற்றி மட்டும் சொல்கிறேன். மேற்கண்ட நண்பர் சொன்ன தட்டில் இறைச்சியை நீக்கிவிட்டால் எஞ்சுவதே முழுமையான சாப்பாடு, ஆகவே பட்டினி கிடக்க நேராது. எனினும் முதலில் வரும் மோமோவில் எருமை இறைச்சி இருப்பது அங்கே மிகவும் சாதாரணம். உணவுப்பட்டியலில் 'பஃப்' என்று எழுதியிருந்தால் அது எருமைதான். சைவம் என்பதை இந்திச் சொல்லாகிய 'சாகாஹாரி' என்று சொன்னாலே நேபாளத்திலும் புரிந்துகொள்வார்கள். அமர்ந்தவுடன் சொல்வதைவிட, முன்பதிவிலேயே எத்தனை பேர் சைவம் என்று எழுதிக் கொடுங்கள்.

வெங்காயம், பூண்டு சேர்க்காதவர்கள் உங்கள் குடும்பத்தில் இருந்தால், அவற்றை மட்டும் தவிர்க்கச் சொன்னால் போதாது, ஏனெனில் பருப்பில் போடும் ஜிம்புவும் வெங்காயக் குடும்பத்தைச் சேர்ந்ததே. தாளிக்காத பருப்பைத் தனியாகக் கேட்டு வாங்கலாம். காய்கறிகள் பெரும்பாலும் கடுகெண்ணெயில் செய்யப்பட்டிருக்கும்.

இன்னொன்று. பக்கத்து மேசைகளில் இறைச்சியும் மதுவும் இருக்கும். முக்திநாத் தரிசனத்துக்கு முன் ஆசாரத்தைக் கடைப்பிடிக்க விரும்பும் பெரியவர்களுக்கு இது மனச்சங்கடத்தைத் தரலாம். யாத்திரை முடிந்து காத்மாண்டு திரும்பிய பிறகு இந்த மாலையை வைத்துக்கொண்டால், எல்லோரும் நிம்மதியாக அமர்ந்து பார்க்கலாம்.

மலைப்பாதை எழுதியது:

நான் சற்று மாறுபடுகிறேன். தமேல் பகுதியில் நான் சென்ற ஒரு விருந்தில் இசைக் கலைஞர்கள் எவரும் இல்லை. பதிவுசெய்த பாடல்களைப் பெருத்த ஒலியில் போட்டு, ஒரு நடனத்துக்கும் அடுத்த நடனத்துக்கும் இடையில் எந்த விளக்கமும் இல்லாமல் ஆடி முடித்தார்கள். எந்த ஆட்டம் எந்த மக்களுடையது என்றே தெரியவில்லை. மாதள் என்னும் இருமுக மத்தளமும் சாரங்கியும் புல்லாங்குழலும் நேரில் வாசிக்கப்படுகின்றனவா என்பதை உறுதிசெய்துகொள்ளாமல் பணம் கட்ட வேண்டாம் என்பதே என் அறிவுரை. நேபாளச் சாரங்கி இந்துஸ்தானிச் சாரங்கியைவிடச் சிறியது; ஒரே மரத்துண்டைக் குடைந்து நான்கு கம்பிகள் கட்டியது. ஊர் ஊராகச் சென்று செய்திகளையும் கதைகளையும் பாடி வந்த கந்தர்வ சமூகத்தாரின் கருவி அது. அதைக் கேட்காமல் திரும்புவது பெரிய இழப்பு.

சலங்கை எழுதியது:

நடனம் கற்பிப்பவள் என்பதால், உங்கள் மகளை மனத்தில் வைத்து எழுதுகிறேன். அங்கே ஆடப்படுபவை பயணிகளுக்காகப் புதிதாகப் புனைந்தவை அல்ல. அவற்றின் ஊரும் பருவமும் சடங்கும் விலக்கப்பட்டு, ஒவ்வொன்றும் ஐந்து நிமிடத் துண்டாக மேடைக்கு வருகின்றன. விலக்கப்பட்டது என்ன என்பதைத் தெரிந்துகொண்டு பார்த்தால் அந்த ஐந்து நிமிடமும் பொருள் பொதிந்ததாகிவிடும்.

தலையில் துளைகளிட்ட பானையும் அதற்குள் எரியும் விளக்குமாகப் பெண்கள் ஆடுவது ஜிஜியா. இது தெற்கே சமவெளியில் உள்ள மிதிலைப் பகுதியில், நம் நவராத்திரியை ஒட்டி வரும் தசைன் திருவிழாவின் இரவுகளில் ஆடப்படுவது. சூனியக்காரி அந்தத் துளைகளை எண்ணி முடித்துவிட்டால் ஆடுபவளுக்குத் தீங்கு நேரும் என்பது நம்பிக்கை. அதனால்தான் பானை ஓரிடத்தில் நில்லாமல் அசைந்துகொண்டே இருக்க வேண்டும். உங்கள் மகளை அவர்களின் கழுத்தையும் தோளையும் கவனிக்கச் சொல்லுங்கள்.

ஆணும் பெண்ணும் கைகோத்து மெல்ல அடியெடுத்து வைக்கும் 'தான் நாச்' என்னும் நெல் நடனம், கிழக்கு மலைகளில் வாழும் லிம்பு மக்களுடையது. நெற்கதிரை மிதித்து மணி பிரிக்கும் வேலையோடு தொடர்புடைய இந்த ஆட்டத்தில், இரத்த உறவினர்கள் ஒருவர் கையை மற்றவர் பற்றுவதில்லை. பாலாம் என்னும் பாட்டை மாறி மாறிப் பாடியபடி இரவு முழுவதும் ஆடுவதை மேடையில் சில நிமிடங்களாகச் சுருக்கும்போது, அது மிகவும் எளிய ஆட்டமாகத் தோன்றிவிடும். சிவந்த முகமூடியும் நீண்ட சடைமுடியும் கொண்ட லாக்கே ஆட்டம் நேவார்களுடையது. காத்மாண்டுவின் மஜிபா பகுதிப் பெண்ணைக் காதலித்த லாக்கே என்னும் அரக்கனை, குழந்தைகளைக் காக்க வேண்டும் என்ற நிபந்தனையோடு ஊரார் தங்கவைத்தார்கள் என்பது கதை. ஆவணி, புரட்டாசியில் வரும் இந்திர ஜாத்திரையின்போது அவர் தெருக்களில் ஆடிவருவார். அவரைச் சீண்டியபடி ஒரு சிறுவனும் கூடவே ஓடுவான். உணவகத்தில் அந்தச் சிறுவன் இருப்பது அரிது. தமாங் மக்களின் டம்பு என்னும் வட்டப் பறையையும், குருங் மக்களின் சோரதி ஆட்டத்தையும்கூடப் பெரும்பாலான நிகழ்ச்சிகளில் காணலாம்.

பரதம் பயிலும் பிள்ளைக்கு மிக நெருக்கமானது சர்யா நிருத்தியம். அது நாட்டுப்புற ஆட்டம் அன்று; நேவார் பௌத்தத்தின் வஜ்ராசார்யப் பூசகர்கள் வழிபாட்டின் பகுதியாக ஆடுவது. நீண்ட காலம் தீட்சை பெற்றவர்கள் மட்டுமே அதைக் காண முடிந்தது. ஒவ்வொரு முத்திரையும் ஒரு தெய்வத்தைத் தியானிக்கும் முறை என்பதால், கண்கள் பாதி மூடியிருக்கும், அடிகள் மிக மெதுவாக விழும். சில விருந்து நிகழ்ச்சிகள் இதோடுதான் தொடங்குகின்றன. நிகழ்ச்சி நிரலில் இது உள்ளதா என்று கேளுங்கள். இருந்தால் தாமதமாகச் செல்லாதீர்கள்.

இடம் தேர்வு செய்யும் வாய்ப்புக் கிடைத்தால், மேடைக்கு நேர் எதிரே அமர்வதைவிட வாத்தியக்காரர்களின் பக்கம் அமருங்கள். மாதளின் இரு முகங்களிலும் கறுப்புப் பூச்சு இருப்பதை அருகிலிருந்து பார்க்கலாம். மிருதங்கத்தில் வலந்தலையில் மட்டும் நிலையாக இருக்கும் கரணைக்கு இணையானது அது. ஆட்டக்காரர்கள் ஒரு சிலரே உடை மாற்றிக்கொண்டு அடுத்தடுத்து வெவ்வேறு மக்களின் அடவுகளை ஆடுவார்கள், அந்த உழைப்புக்குக் கைதட்டலை மனமாரக் கொடுங்கள். கடைசிப் பாட்டுக்கு விருந்தினரையும் ஆட அழைப்பார்கள். உங்கள் மகள் தயங்காமல் போகட்டும்.

பொன்னிக்கரையான் எழுதியது:

ஒவ்வொருவருக்கும் என் நெஞ்சார்ந்த நன்றி. நிகழ்ச்சியைப் பயணத்தின் இறுதிக்கு மாற்றிவிடுகிறோம். தட்டில் பரிமாறுவது, நேரடி இசை, சர்யா ஆகிய மூன்றையும் கேட்டுவிட்டே பணம் கட்டுவேன். சலங்கை அம்மா எழுதியதைப் படித்த பிறகு, இந்த ஆட்டங்களை அவற்றின் சொந்த இடத்தில் பார்க்க வழியுண்டா என்று மகள் கேட்கிறாள். பயணத்தை இரண்டொரு நாள் நீட்டிக்க முடியும்.

பாக்மதிவாசி எழுதியது:

வழிகள் உண்டு. சித்வன் காட்டின் விளிம்பில் உள்ள சௌராஹாவில் தாரு மக்கள் மாலை நேரங்களில் தங்கள் கோலாட்டத்தை ஆடிக் காட்டுகிறார்கள். அதுவும் பயணிகளுக்கான மேடைதான், ஆனால் ஆடுபவர்கள் அந்த ஊர்க்காரர்கள், ஆட்டமும் அந்த மண்ணுடையது. போக்ராவுக்குத் தெற்கே சியாங்ஜா மாவட்டத்திலுள்ள சிருபாரி, 1997 முதல் பயணிகளை வீடுகளிலேயே தங்கவைக்கும் குருங் கிராமம். அங்கே வரவேற்பு பஞ்சே பாஜா என்னும் மங்கல வாத்தியத்தோடு நடக்கும், இரவில் ஊராரே பாடி ஆடுவார்கள். உங்கள் பெற்றோருக்கு மலைச்சாலைப் பயணம் சிரமமாக இருக்கலாம் என்பதை மட்டும் யோசித்துக்கொள்ளுங்கள்.

நீங்கள் ஐப்பசியில் வருகிறீர்கள் என்பதால், திகார் திருநாள் உங்கள் பயண நாட்களுக்குள் வருகிறதா என்று பாருங்கள். நாம் தீபாவளி கொண்டாடும் சதுர்த்தசியன்று பெரும்பாலும் இங்கே நாய்களுக்கு மாலையிட்டுத் திலகம் வைப்பார்கள். அடுத்து வரும் லட்சுமி பூசை இரவில் சிறுமியரும் பெண்களும் வீடு வீடாகச் சென்று பைலோ பாடி ஆடுவார்கள், அதற்கு மறுநாள் ஆண்கள் தேவுசி பாடி வருவார்கள். வீட்டுக்காரர் நாங்லோ என்னும் முறத்தில் அரிசி, விளக்கு, பணம், அரிசி மாவில் வளையமாகப் பொரித்த செல் ரொட்டி ஆகியவற்றை வைத்துக் கொடுக்க, அவர்கள் வாழ்த்திப் பாடிவிட்டு அடுத்த வீட்டுக்குப் போவார்கள். தங்கும் விடுதி குடியிருப்புத் தெருவில் இருந்தால் வாசலிலேயே பார்க்கலாம். பாடி முடித்தவர்களுக்குக் கொடுக்கச் சிறிது நேபாளச் சில்லறை நோட்டுகளை வைத்திருங்கள். அந்த நாட்களில் உணவகப் பணியாளர்கள் பலர் சொந்த ஊருக்குப் போய்விடுவதால் சில இடங்கள் மூடியிருக்கும். விருந்து மாலையைத் திகாருக்கு முன்னரோ அது முடிந்த பின்னரோ பதிவு செய்யுங்கள்.