‘ரிப்’ என்பதற்குத் தமிழில் ‘உருவுபடி’: சரிவருமா?

நண்பர்களுக்கு வணக்கம். வட்டிலிருந்தோ இணையத்திலிருந்தோ படத்தையோ பாட்டையோ கணினிக் கோப்பாக எடுத்த படியை ஆங்கிலத்தில் ‘ரிப்’ (rip) என்கிறார்கள். நம் கலைச்சொல் பட்டியலுக்காக அதற்குத் தமிழில் சொல் தேடுகிறோம். நீங்கள் எழுதிய கருத்துகளுக்கு என் பதில் இது.

> ‘ரிப்’ என்றாலே திருட்டுப் பிரதிதானே? ‘திருட்டுப்படி’ என்றே எழுதலாமே?

இதில் எனக்கு உடன்பாடில்லை. ‘ரிப்’ என்பது படி எப்படி எடுக்கப்பட்டது என்பதைச் சொல்லும் சொல். அது சட்டப்படி சரியா என்பது தனிக் கேள்வி. காசு கொடுத்து வாங்கிய இசை வட்டிலிருந்து பாட்டைக் கணினியில் ஏற்றுவதற்கும் அதே சொல்தான். அதைச் சில நாடுகளின் சட்டம் அனுமதிக்கிறது. வேறு சில நாடுகளில், சொந்த வட்டே ஆனாலும் படியெடுப்பதைத் தடுக்க அதில் வைத்த பூட்டை உடைப்பது குற்றம். நாட்டுக்கு நாடு மாறும் தீர்ப்பைக் கலைச்சொல்லுக்குள் வைக்க முடியாது.

> அப்படியென்றால் ‘உரிபடி’? தோலை உரிப்பதுபோல வட்டிலிருந்து உரித்தெடுத்த படி.

எனக்கும் முதலில் பிடித்திருந்தது. வாய்விட்டுச் சொல்லிப் பார்த்தேன். ‘உரிய’, ‘உரிமை’ எல்லாம் கூடவே காதில் விழுந்தன. உரிமை பெறாமல் எடுத்ததையும் ‘உரிபடி’ என்றால், படிப்பவர் நேரெதிராகப் புரிந்துகொள்வார். இந்தச் சொல்லை மட்டும் வேண்டவே வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன்.

‘சுருக்குப்படி’ என்றும் ஒருவர் எழுதியிருந்தார். உருவும்போது தரம் குறைந்தே தீரும் என்பதில்லை. வட்டில் உள்ள படத்தையும் ஒலியையும் ஒரு பிட் கூட மாற்றாமல் வேறு கோப்பில் வைக்கலாம். அதைத்தான் ரீமக்ஸ் என்கிறார்கள். அப்புறம் இடம் மிச்சம் பிடிக்க மறுபடி இறுக்கும்போதுதான் (கோப்பின் அளவைக் குறைக்கும்போதுதான்) தரம் போகிறது. போனது திரும்பாது.

என் முன்மொழிவு ‘உருவுபடி’. உறையிலிருந்து வாளை உருவுவதுபோல வட்டிலிருந்தோ இணைய ஓடையிலிருந்தோ (ஸ்ட்ரீமிங்) உருவிய படி. ‘கையெழுத்துப்படி’யில் உள்ள அதே ‘படி’தான். வினைத்தொகை என்பதால் ப் மிகாது. ‘உருவுப்படி’ என்று எழுதினால் உருவத்தின் படி என்று பொருள் மாறிவிடும், கவனம்.

இதோடு ‘பிட் வீதம்’ (ஒரு நொடிக்கு எத்தனை பிட் தரவு) என்பதையும் நம் பட்டியலில் சேர்த்தே ஆகவேண்டும். தரம் பற்றிய குழப்பம் பெரும்பாலும் அங்கேதான். என் அக்கா மகன் ஒரு கோப்பைக் காட்டி, “1080 என்று போட்டிருக்கிறதே, ஏன் மாமா இருட்டுக் காட்சி எல்லாம் கட்டம் கட்டமாகத் தெரிகிறது?” என்று கேட்டான். இரண்டு மணி நேரப் படம், 700 மெகாபைட். பைட்டைப் பிட்டாக்க எட்டால் பெருக்கி 7200 நொடியால் வகுத்தால், படமும் ஒலியும் சேர்ந்தே நொடிக்கு 0.8 மெகாபிட்கூட இல்லை. டிவிடியில் படத்துக்கு மட்டும் நொடிக்கு 9.8 மெகாபிட் வரையும், ப்ளூ-ரேயில் 40 வரையும் இடம் உண்டு. டிவிடியின் இறுக்குமுறை பழையது என்று கழித்துக்கொண்டாலும் இது மிகக் குறைவு. 1080 என்பது எத்தனை வரிகள் என்பதைத்தான் சொல்கிறது. அந்த வரிகளில் எவ்வளவு விவரம் மிஞ்சியிருக்கிறது என்பதைப் பிட் வீதம் சொல்லும். வரிகளின் எண்ணிக்கையைச் சொல்லும் ‘பிரிதிறன்’, ‘பிட் வீதம்’ இரண்டையும் ‘தரம்’ என்ற ஒரே சொல்லில் அடைத்தால் அவனுக்குப் பதிலே சொல்ல முடியாது.

திரையரங்கில் கேமராவை வைத்துத் திருட்டுத்தனமாக எடுப்பதை உருவுபடியில் சேர்க்கக் கூடாது. அங்கே கோப்பு எதையும் உருவவில்லை, திரையைத்தான் பிடிக்கிறார்கள். அதற்கு ‘அரங்குப்பிடி’ என்கிறேன். ‘திரைப்பிடிப்பு’ ஏற்கெனவே ஸ்கிரீன்ஷாட்டுக்குப் போய்விட்டது.

> உரிமையோடு பார்ப்பதற்கும் ஒரு சொல் வேண்டாமா?

கட்டாயம் வேண்டும். சந்தா, வாடகை, வட்டு, நூலக இரவல், உரிமையாளரே விளம்பரத்தோடு இலவசமாகத் தருவது என்று வழிகள் பல. எல்லாவற்றுக்கும் பொதுவாக ‘உரிமப் பார்வை’ எனலாம். விளக்கத்தில் ஒரு வரி கூடுதலாக வேண்டும்: சில சேவைகள் உலாவியில் 720 வரிதான் தரும், அதே சந்தாவுக்குத் தொலைக்காட்சிச் செயலியில் 4கே கிடைக்கும். இது தெரியாமல் ‘காசு கட்டியும் மங்கலாக இருக்கிறது’ என்று உருவுபடியைத் தேடிப் போகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். படம் எடுத்தவர்களுக்குச் சேரவேண்டிய பணம் அப்படி நின்றுபோவது எனக்கு வருத்தம்.

பதிவுக்கு எழுதிய வரைவு:

உருவுபடி – வெளியிடப்பட்ட வட்டிலிருந்தோ இணைய ஓடையிலிருந்தோ உருவி எடுத்த படி. மறுஇறுக்கம் செய்ததாகவோ செய்யாததாகவோ இருக்கலாம்.

இணையக் கோப்பை மறுபடி இறுக்காமல் அப்படியே எடுத்த வகைக்கு ‘நேர்படி’ என்று வைத்திருக்கிறேன். இது எனக்கே முழுத் திருப்தியில்லை. வேறு சொல் தோன்றினால் எழுதுங்கள்.