பின்னணிக் குரல் இல்லாத ஆவணப்படங்கள்

கேள்வி:
அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் பிரெடரிக் வைஸ்மன் தம் படங்களில் பின்னணி விளக்கமோ, நேர்காணலோ, சேர்க்கப்பட்ட இசையோ வைத்ததில்லை. கேமரா எதிரே நிற்கும்போது மக்கள் இயல்பாக இருப்பார்கள் என்று எப்படி நம்புவது?

பதில் 1:
அவர் ஒலிப்பதிவைத் தாமே செய்துகொண்டு, ஒளிப்பதிவாளருக்குச் சைகையால் குறிப்புக் கொடுத்து, மிகச் சிறிய குழுவுடன் வேலை செய்தவர். தம் கவலையில் மூழ்கியிருப்பவருக்குக் கேமரா பெரிதாகத் தெரிவதில்லை.

பதில் 2:
எனக்கு அவருடைய படத்தொகுப்பே பெரிதாகப் படுகிறது. குவிந்து கிடக்கும் காட்சிகளை மாதக்கணக்கில் பார்த்துப் பார்த்துத்தான் படத்தின் வடிவத்தை அவர் கண்டடைந்தார். பாஸ்டன் நகர நிர்வாகத்தைப் பற்றி 2020இல் வெளிவந்த 272 நிமிடப் படத்தில், குப்பை வண்டி ஒரு மெத்தையை நசுக்கி விழுங்குவதை அவர் பொறுமையாகக் காட்டும்போது, நகரம் என்பது யாருடைய உழைப்பு என்பது சொல்லாமலே விளங்குகிறது.

பதில் 3:
ஒப்புதல் என்ற கேள்வியும் இருக்கிறது, நண்பர்களே. மனநோயுள்ள கைதிகளைப் பற்றி அவர் எடுத்த 1967ஆம் ஆண்டுப் படம், அவர்களுடைய அந்தரங்கத்தைக் காரணம் காட்டி, மாசசூசெட்ஸ் மாநிலத்தில் 1991 வரை பொதுத் திரையிடலுக்கு அனுமதிக்கப்படவில்லை.