அந்தக் கோழைச் சிங்கத்துக்குள் இருந்தது யார்?

நேற்று என் மகளோடு 1939-இல் வந்த ‘தி விசார்ட் ஆஃப் ஆஸ்’ படத்தை மறுபடி பார்த்தேன். சிங்கம் குனியும்போதும் விழும்போதும் உடம்புத் தோல் மடிந்து தொங்குகிறது, துணியில் தைத்த வேஷம் மாதிரி தெரியவே இல்லை. நடித்தவர் யார், உடை எதில் செய்தது? வாலை எப்படி ஆட்டினார்கள் என்று மகள் விடாமல் கேட்கிறாள், தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

பதில் 1
பெர்ட் லார். மேடை நகைச்சுவையில் பேர் வாங்கிவிட்டு சினிமாவுக்கு வந்தவர். உங்கள் சந்தேகம் சரிதான், அது நிஜச் சிங்கத் தோல். எடை 40 கிலோ வரை சொல்கிறார்கள். அந்தக் காலத்தில் கலர் படம் எடுத்த டெக்னிகலர் கேமராவுக்கு வெளிச்சம் ஏகப்பட்டது வேண்டும், அத்தனை விளக்கும் எரிந்தால் தளமே உலை மாதிரி கொதிக்கும், அதில் இதைப் போட்டுக்கொண்டு ஆடிப் பாடியிருக்கிறார் மனிதர். நாள் முழுக்க வியர்வையில் ஊறும் தோலை ராத்திரியில் காயவைத்து மறுநாள் திரும்ப மாட்டிவிடுவார்களாம். வால் விஷயம் எளிது. மேலே பலகையில் ஓர் ஆள் உட்கார்ந்து தூண்டில் நரம்பு கட்டி ஆட்டினார்.

பதில் 2
முகத்தை விட்டுவிட்டீர்களே! மூக்கும் வாய்ப்பகுதியும் ஒட்டவைத்தது. மென்று சாப்பிட்டால் ஒப்பனை கெட்டுவிடும், அதனால் சூப்பையும் மில்க் ஷேக்கையும் ஸ்ட்ராவில் உறிஞ்சியே ஓட்டியிருக்கிறார். கதாநாயகிச் சிறுமி டோரதி அறைந்ததும் அழுவாரே, அந்த இடத்தைத் திரும்பப் பாருங்கள். வால் நுனியை எடுத்துக் கண்ணீரைத் துடைத்துக்கொள்வார், கண்ணும் நடுங்கும் குரலும் மட்டும்தான் அவர் கையில் இருக்கிறது, அதை வைத்தே நம்மைப் பாவப்பட வைத்துவிடுகிறார். ராஜாவாக ஆசைப்பட்டுப் பாடும்போது கம்பளம்தான் அங்கி, உடைந்த பூந்தொட்டிதான் கிரீடம். அந்தப் பாட்டுக்காகவே எத்தனை தடவை பார்த்தேன் என்று கணக்கில்லை.

பதில் 3
லார் பட்டது கஷ்டம் என்றால் அதே படத்தில் வரும் தகர மனிதன் வேஷம் ஆபத்தாகவே முடிந்தது. முதலில் அதைப் போட்டவர் ‘படி எப்சன்’ என்ற நடிகர். முகத்தில் பூசிய அலுமினியத் தூள் மூச்சோடு உள்ளே போய், மூச்சுவிட முடியாமல் மருத்துவமனையில் சேர்ந்தார். அப்புறம் வந்த ஜாக் ஹேலிக்குத் தூளைப் பசையாகக் குழைத்துத் தடவினார்கள், அதிலும் கண்ணில் தொற்று வந்தது. அந்த உடையில் உட்காரவும் முடியாது, இடைவேளையில் சாய்வுப் பலகையில் சாய்ந்து நிற்பார். எப்சனின் குரல் சேர்ந்து பாடும் பாட்டில் இன்னமும் இருக்கிறது என்பது எனக்கு ஒரு ஆறுதல்.

பதில் 4
ஒரு சேர்க்கை: சிங்க உடை ஒன்று 2014 நவம்பரில் நியூயார்க் ஏலத்தில் 30 லட்சம் டாலருக்கு மேல் போனது.

கேட்டவர்
எல்லோருக்கும் ரொம்ப நன்றி. தூண்டில் நரம்பு என்று சொன்னதிலிருந்து மகள் சிங்கம் முதலில் பாய்ந்து வரும் காட்சியை நிறுத்தி நிறுத்தி ஓட்டிக்கொண்டிருக்கிறாள், வாலுக்கு மேலே ஏதாவது தெரிகிறதா என்று.