பெர்லினில் நாலாவது: உயரம் தாண்டிய கலேவி கோட்காஸும் 2 மீட்டர் உயரக் கம்பும்

கோட்காஸ் பேச்சு வந்தாலே "ஒலிம்பிக்கில் நாலாவது வந்தவர்" என்று ஒரே வரியில் முடித்துவிடுகிறார்கள். எஸ்தோனியாவின் டாலினில் பிறந்து, உயரம் தாண்டுதலில் பின்லாந்துக்காகத் தாண்டியவர். எஸ்தோனிய மொழியில் கோட்காஸ் என்றால் கழுகு. ஐரோப்பிய சாம்பியன்ஷிப் முதன்முதலாக 1934இல் டூரினில் நடந்தபோது 2.00 மீட்டர் தாண்டித் தங்கம் வாங்கினார். 1936 பெர்லின் ஒலிம்பிக்கில் அமெரிக்காவின் கொர்னேலியஸ் ஜான்சனுக்கு 2.03இல் தங்கம். அடுத்து அமெரிக்கர்களான ஆல்பிரிட்டன், தர்பர், அவர்களோடு கோட்காஸ், மூவருமே 2.00. மீதி இருந்ததோ இரண்டு பதக்கம். மறுபடி தாண்டவிட்டுப் பிரித்ததில் கோட்காஸுக்கு வெறுங்கை. அதே வருடம் அவர் 2.04 தாண்டியிருக்கிறார். ஜான்சனின் தங்கத்தைவிட ஒரு சென்டிமீட்டர் கூட!

*

சரியாச் சொன்னீங்க சார். இப்போதைய விதியில் இரண்டாம், மூன்றாம் இடத்துக்கு மறு தாண்டல் கிடையாது, முதலிடத்துக்கு மட்டும்தான். மற்ற இடங்களுக்குத் தவறுகளை (தாண்ட முடியாமல் போன முயற்சிகளை) எண்ணுவார்கள். கடைசியாகத் தாண்டிய உயரத்தில் யாருக்குத் தவறு குறைவோ அவர் மேலே. அதிலும் சமம் என்றால் அதுவரையிலான மொத்தத் தவறுகள். ஒருவர் 1.97ஐ இரண்டாவது முயற்சியிலும் 2.00ஐ முதல் முயற்சியிலும் தாண்டுகிறார், இன்னொருவர் 1.97ஐ முதலிலும் 2.00ஐ இரண்டாவதிலும் தாண்டுகிறார் என்று வையுங்கள். மொத்தத் தவறு ஆளுக்கு ஒன்றுதான், ஆனாலும் முதலாமவர்தான் மேலே. அதனால் சின்ன உயரத்தை முயற்சி செய்யாமலே விட்டுவிடுவதில் (பாஸ்) கணக்கு இருக்கிறது. தொடர்ந்து மூன்று தவறானால் ஆட்டம் முடிந்தது.

*

அந்தக் காலத்து 2.04ஐ இன்றைய எண்ணோடு நேருக்கு நேர் வைக்காதீங்க. அன்றைக்கு விழுந்தது மணலில். முதுகு கீழே வரும்படி விழுந்தால் கழுத்து போய்விடும், ஆகவே காலிலோ கையிலோ இறங்கும் பாணியில்தான் தாண்ட வேண்டும். தடிமனான மெத்தை வந்த பிறகுதான் 1968இல் அமெரிக்க வீரர் ஃபாஸ்பரி காட்டிய முதுகுத் தாண்டல் (முதுகு கம்பைப் பார்த்தபடி தாண்டுவது) எல்லாருக்கும் சாத்தியமாச்சு.

பின்லாந்தின் எல்லா யுன்னிலா 2021இல் போலந்தின் டோருனில் நடந்த உள்ளரங்க ஐரோப்பிய சாம்பியன்ஷிப்பில் 1.96 தாண்டி வெண்கலம் வாங்கியதும் முதுகுத் தாண்டலில்தான். இதில் ஓட்டத்தின் கடைசி நாலைந்து எட்டுகள் வளைவாக வரும். வளைவின் உள்பக்கம் உடம்பு சாய்ந்து ஓடணும்; உதைக்கும் நொடியில் அந்தச் சாய்வு நிமிர்வதுதான் உடம்பைக் கம்புக்கு மேலே திருப்புகிறது. பலரும் கெடுப்பது இங்கேதான்: கடைசி இரண்டு எட்டில் வளைவை வெட்டி நேராகக் கம்பை நோக்கி ஓடிவிடுவார்கள். சாய்வு போய்விடும், தோள் முன்கூட்டியே கம்பின் மேல் விழும், இடுப்பு கம்பைத் தட்டும். கடைசிக்கு முந்தின எட்டு கொஞ்சம் நீளமாக, இடுப்பு தாழ்ந்து. கடைசி எட்டு குட்டையாக, வேகமாக. கால் ஊன்றுவது கம்பிலிருந்து ஏறத்தாழ ஒரு கை தூரத்தில். ஒட்டி ஊன்றினால் மேலே போகும்போதே கம்பு விழும், தள்ளி ஊன்றினால் உச்சி கம்புக்கு முன்னாலேயே வந்துவிடும், இறங்கும்போது தொடையோ குதிகாலோ தட்டும்.

*

கம்பைப் பற்றியும் ஒரு வார்த்தை அண்ணே. நீளம் ஏறத்தாழ 4 மீட்டர், எடை 2 கிலோவைத் தாண்டக்கூடாது. நடுவில் லேசாகத் தொய்யும், உயரத்தை அளப்பது அந்தத் தாழ்ந்த இடத்தில்தான். விழுந்த கம்பைத் திருப்பி வைத்தால் தொய்வு மாறி சில மில்லிமீட்டர் கூடவோ குறையவோ ஆகும். அதனால்தான் கம்பில் ஒரு பக்கம் அடையாளம் போட்டு, ஒவ்வொரு தடவையும் அந்த முகத்தையே மேலே வைக்கிறார்கள்.