துவைத்த பிறகு மெத்தையில் ஏறாத எலாஸ்டிக் விரிப்பு – என்ன தவறு செய்தேன்?

புதுஊசி:
கடையில் வாங்கும் எலாஸ்டிக் விரிப்பு எதுவும் எங்கள் மெத்தைக்குச் சரியாக உட்காரவில்லை என்று நானே தைத்தேன். மெத்தை நீளம் 72 இஞ்ச், அகலம் 48, உயரம் 6. உயரத்துக்கு இரண்டு பக்கமும் ஆறாறு, அடியில் மடங்க மும்மூன்று என்று கணக்குப் போட்டு நீளம் 90 வெட்டினேன். அகலம் 66 போதும். ஆனால் துணி 67 இருந்தது, ஒரு இஞ்ச்சுக்காகக் கத்தரி எடுக்கச் சோம்பல், அப்படியே விட்டுவிட்டேன். நான்கு மூலையிலும் 9 இஞ்ச் சதுரம் வெட்டி எடுத்து, அரை இஞ்ச் விட்டுத் தைத்தேன். துணி சுத்தமான காட்டன்.

முதல் நாள் கொஞ்சம் இறுக்கமாக இருந்தாலும் போட முடிந்தது. ஒரே ஒரு துவைப்பு, அவ்வளவுதான். மூன்று மூலையை மாட்டினால் நான்காவது வருவதில்லை. இழுத்து மாட்டினால் ராத்திரி எப்படியும் ஒரு மூலை கழன்று முதுகுக்கடியில் சுருண்டு கிடக்கிறது.

இன்னொன்று, தைக்கும்போது துணிக்கு அடியில் நூல் கூடு மாதிரி சுற்றிக்கொள்கிறது. அடிநூல் சுற்றியிருக்கும் பாபினை மூன்று தடவை மாற்றியும் பலனில்லை.

கோணல்கத்தரி:
துணியைத் துவைத்துவிட்டு வெட்டினீர்களா?

புதுஊசி:
இல்லை. புதுத்துணியை எதற்கு நனைப்பது என்று நினைத்தேன்.

கோணல்கத்தரி:
சரி. விரிப்பைத் தரையில் விரித்து, ஒரு மூலைத் தையலிலிருந்து அடுத்த மூலைத் தையல்வரை அளந்து சொல்லுங்கள். நீளம் தனி, அகலம் தனி.

புதுஊசி:
நீளம் 69. அகலம் 47½. அகலம் கிட்டத்தட்டச் சரியாகத்தான் இருக்கிறது!

கோணல்கத்தரி:
உங்கள் சோம்பல்தான் அகலத்தைக் காப்பாற்றியிருக்கிறது. 90-இல் இரண்டு சதுரம் போக 72. மூலையைத் தைக்கும்போது இரு முனையிலும் அரை அரை இஞ்ச் தையலுக்குள் போய்விடும், மிச்சம் 71. முதல் நாளே இறுக்கமாக இருந்தது அதனால்தான். சதுரத்தை 9-க்குப் பதில் 8½ வெட்டியிருக்க வேண்டும். மீதி 2 இஞ்ச் துணி சுருங்கியது. காட்டன் பெரும்பாலும் பாவு ஓடும் பக்கம்தான், அதாவது கரை ஓடும் திசையில், அதிகம் சுருங்கும். அகலவாட்டில் அரை இஞ்ச்சோடு நின்றதும் அதனால்தான்.

பழையமெஷின்:
பாபினை விடுங்கள், அதன்மேல் தப்பில்லை. கூடு கட்டுவது அடியில் என்றாலும் கோளாறு பெரும்பாலும் மேல் நூலில்தான் இருக்கும். துணியை அழுத்திப் பிடிக்கும் மெஷின் காலைக் கீழே இறக்கி வைத்துக்கொண்டு நூல் கோத்தால், மேல் நூலை இறுக்கிப் பிடிக்கும் டென்ஷன் தட்டுகளுக்கு நடுவில் நூல் போய் உட்காராது. காலைத் தூக்கி வைத்து முழுவதும் பிரித்து மறுபடி கோத்துப் பாருங்கள். அப்புறம் 14-ஆம் எண் ஊசி புதிதாக ஒன்று போடுங்கள்.

தலையணைமேல்:
எலாஸ்டிக்கே வேண்டாம் என்பேன். சாதாரண விரிப்பை நாலாபுறமும் செருகினால் போதாதா?

புதுஊசி:
வீட்டில் உருண்டு படுக்கும் ஆள் ஒருவர் இருக்கிறார், செருகியது விடியும்வரை தாங்காது. இதைப் பிரித்துப் பெரிதாக்க வழியே இல்லையா?

கோணல்கத்தரி:
இருக்கிறது. எலாஸ்டிக் மூலைகளில் மட்டும்தானே? தலைமாட்டுப் பக்கம், எலாஸ்டிக் முடிந்த இடத்துக்கு அப்பால் குறுக்கே நேராக வெட்டி, நடுவில் ஒரு பட்டை சேருங்கள். ஒட்டு தலையணைக்கடியில் மறைந்துவிடும். உங்களுக்கு 3 இஞ்ச் குறைகிறது, கொஞ்சம் தளர்வாக இருக்க 4 கூட்டலாம். பட்டை 5 இஞ்ச் வெட்டுங்கள்.

பழையமெஷின்:
5 போதாது. இரண்டு ஒட்டுத் தையல். ஒவ்வொன்றும் பட்டையில் அரை, விரிப்பில் அரை தின்னும். ஆக 2 இஞ்ச் போகும், பட்டை 6 வேண்டும். இரு பக்கமும் தொங்கும் பகுதியோடு சேர்த்து அளந்து, ஓர மடிப்புக்கும் விட்டுவிடுங்கள்.

கோணல்கத்தரி:
ஆமாம், 6. தையல் கணக்கைப் பற்றி உபதேசம் செய்துவிட்டு அதே இடத்தில் நானே சறுக்கினேன். பட்டைத்துணியை முதலில் துவைத்துவிடுங்கள். எலாஸ்டிக்கை இழுக்காமல் கோத்திருந்தால் அதையும் குறைக்க வேண்டும். 20 இஞ்ச் மடிப்புக்கு 12 இஞ்ச் எலாஸ்டிக் போதும்.

புதுஊசி:
20-க்கு 20 கோத்திருந்தேன்! ஊக்கு வைத்து இழுத்துக் குறைத்தாயிற்று. காலைத் தூக்கி நூல் கோத்ததும் கூடும் நின்றுவிட்டது. ஒட்டும் போட்டேன், நான்கு மூலையும் மாட்டின, இரண்டு ராத்திரியாகக் கழலவில்லை. பட்டையில் மட்டும் பூக்கள் தலைகீழாக நிற்கின்றன, தைத்து முடித்த பிறகுதான் கவனித்தேன். தலையணையைப் போட்டு மூடிவிட்டேன். பிரிக்கப் போவதில்லை.